சோபா அக்கா வாங்கிய தடை

எங்கள் தெருவில் யாருக்காவது முதுகு வலி வந்தால் முதலில் மருத்துவரிடம் போக மாட்டார்கள். சோபா அக்காவைக் கூப்பிடுவார்கள். அவர் வந்து, அவர்கள் தினமும் உட்காரும் நாற்காலியில் தானும் ஒரு முறை உட்கார்ந்து பார்ப்பார். இடுப்பை இரண்டு பக்கமும் அசைப்பார். "உங்க முதுகுக்கு ஒண்ணும் ஆகலைங்க. நாற்காலிக்குத்தான் முதுகெலும்பு போயிடுச்சு" என்பார். பாதிப் பேர் விஷயத்தில் அது உண்மையாகவே இருக்கும்.

பழைய சோபாக்களைப் பிரித்து, உள்ளே அறுந்த நாடாவை மாற்றி, ஸ்பிரிங்குகளை இழுத்துக் கட்டி, புது ஸ்பாஞ்சும் துணியும் போட்டுத் தருவது அவர் தொழில். கை இரண்டும் வேலையில் இருக்கும் என்பதால் சின்ன ஆணிகளை வாயில் போட்டு வைத்திருப்பார். உதட்டின் ஒரு ஓரத்தால் ஆணியை எடுத்துக் கொடுத்துக்கொண்டே மறு ஓரத்தால் வாடிக்கையாளரிடம் பேசுவார். கோபம் வந்தால் மட்டும் எல்லா ஆணிகளையும் உள்ளங்கையில் துப்பிவிட்டுப் பேச ஆரம்பிப்பார். அதைப் பார்த்தவர்கள் பேரம் பேசுவதை அத்துடன் நிறுத்திக்கொள்வார்கள்.

நாற்காலித் தொழிற்சாலையில் வேலை கற்றவர். கல்யாணம் மூன்று வருடத்தில் கசந்துபோய் அப்பா வீட்டுக்குத் திரும்பினார். அவருடைய அப்பா அச்சகத்தில் புத்தகம் தைப்பவர், அதிகம் பேசாதவர். மகள் பெட்டியோடு வந்து நின்றபோது எதுவும் கேட்கவில்லை. மறுநாள் கொல்லையில் இருந்த தகரக் கொட்டகையைக் காலி செய்து, ஒரு பல்பை மாட்டி, "வேலை செய்ய இடம் வேணும்ல" என்றார். அந்தக் கொட்டகையில்தான் அக்காவின் தொழில் வளர்ந்தது. முன்பக்கம் இரண்டு அறை, ஒரு சமையலறை, பின்னால் நீளமான முற்றம், முற்றத்தின் கடைசியில் கொட்டகை. வீடு அவ்வளவுதான்.

அம்மா முன்பே காலமாகிவிட்டார். அக்காவுக்கு ஒரே ஒரு அண்ணன். டிரைவிங் ஸ்கூலில் கார் ஓட்டச் சொல்லித் தருபவர். கல்யாணத்துக்குப் பிறகு ஊரின் மறுகோடியில், வேலைக்குப் பக்கத்தில், வாடகை வீட்டில் இருந்தார். வீட்டு வரி, தண்ணீர் இணைப்பு, மின்சாரம் என்று ஆபீஸ் படி ஏறும் வேலையெல்லாம் சின்ன வயதிலிருந்தே அவருடையது. வீட்டுக்குள் நடப்பதெல்லாம் தங்கையுடையது. அப்பா உயில் எழுதாமல் காலமானபோதும் அதே வழக்கம் தொடர்ந்தது. வீட்டுப் பட்டாவை அண்ணன் தன் பெயருக்கு மாற்றினார். தங்கை எதற்கு என்று கேட்கவில்லை. யார் பெயரில் இருந்தால் என்ன, அண்ணன்தானே என்றிருந்துவிட்டார்.

ஒருநாள் காலை இரண்டு பேர் அளவு நாடாவோடு வந்தார்கள். சோபாவுக்கு அளவு கொடுக்க வந்திருக்கிறார்கள் என்று நினைத்து அக்கா துணி மாதிரிகளை எடுத்து வைத்தார். அவர்கள் நேராக முற்றத்துக்குப் போய், ஒரு முனையைச் சுவரில் பிடித்துக்கொண்டு நாடாவை இழுத்துக்கொண்டே போனார்கள்.

"என்னங்க, இவ்வளவு பெரிய சோபாவா?"

"சோபா இல்லம்மா, இடம். வாங்கப் போறவர் அளந்துட்டு வரச் சொன்னார்."

அக்கா வாயிலிருந்த ஆணிகளை ஒவ்வொன்றாக எடுத்து டப்பாவில் போட்டார். அண்ணனுக்குப் போன் செய்தார். எடுக்கவில்லை. மறுபடி செய்தார். மூன்றாவது தடவை அண்ணி எடுத்தார். "கொஞ்சம் பொறும்மா, அவரே வந்து பேசுவார்" என்று சொல்லி வைத்துவிட்டார். அக்கா ஒரு வாரம் பொறுத்துப் பார்த்தார். அண்ணன் வரவில்லை. வந்தவர் வீட்டை வாங்கப் போகிறவர், டயர் வியாபாரி. மரியாதையான மனிதர்தான். செருப்பை வெளியில் விட்டு உள்ளே வந்தார்.

"வர்ற திங்கக்கிழமை பத்திரம் பதியறோம். கொட்டகையை எப்ப இடிக்கலாம்னு கேட்டுட்டுப் போக வந்தேன். நீங்க காலி பண்ண சம்மதிச்சிட்டதா உங்க அண்ணன் சொன்னாரே?"

வீடு போவதைக்கூட அக்காவால் தாங்கியிருக்க முடியும். கேட்காமலே தன் சம்மதத்தை அண்ணன் சொல்லிவிட்டார் என்பதுதான் நெஞ்சில் குத்தியது. டயர் வியாபாரிக்குத் தண்ணீர் கொடுத்து அனுப்பிவிட்டு, செய்துகொண்டிருந்த வேலையை அப்படியே போட்டுவிட்டுக் கிளம்பினார்.

அவருக்குத் தெரிந்த வக்கீல் ஒருவர் இருந்தார். ஜெராக்ஸ் கடைக்கு மேலே, ஒருவர் இறங்கினால்தான் இன்னொருவர் ஏற முடிகிற படிக்கட்டுக்கு மேலே, அலுவலகம். அவருடைய சுழல் நாற்காலிக்கு அக்காதான் உறை மாற்றிக் கொடுத்திருந்தார். வக்கீல் அம்மா முழுக் கதையையும் கேட்டுவிட்டு, ஒரு வெள்ளைத் தாளை இழுத்து வைத்துக்கொண்டார்.

"அப்பா உயில் எழுதல. அப்படின்னா உங்களுக்கும் பாதி. பட்டாவுல யார் பேரு இருக்குங்கறது அதை மாத்தாது. பாகம் பிரிச்சுக் குடுங்கன்னு வழக்குப் போடலாம். ஆனா வழக்கு முடிய வருஷக்கணக்காகும். அதுக்குள்ள வீடு கை மாறிட்டா, நீங்க ஜெயிச்சும் வெறுங்கையோட நிக்கணும்."

"அப்ப என்ன பண்றது?"

"இடைக்காலத் தடை கேட்கலாம். வழக்கு முடியுற வரைக்கும் விக்கக் கூடாது, அடமானம் வைக்கக் கூடாது, இடிச்சு மாத்தக் கூடாதுன்னு நீதிமன்றம் சொல்லும். ஒண்ணு மட்டும் தெளிவா தெரிஞ்சுக்கோங்க. அந்த உத்தரவு உங்களுக்கு வீட்டைக் குடுக்காது. இருக்கிற இடத்துல அப்படியே நிறுத்தி வைக்கும்."

"நிறுத்தி வச்சா போதும்" என்றார் அக்கா.

அப்படிச் சொல்லிவிட்டாரே தவிர, மனுவில் கையெழுத்துப் போடும்போது பேனா நகரவில்லை. வாசித்துப் பார்த்தவர் ஒரு வார்த்தையில் விரலை வைத்தார். "எங்க அண்ணனைப் பிரதிவாதின்னு போட்டிருக்கீங்களே. வேற மாதிரி எழுதக் கூடாதா?"

"அது திட்டு இல்லம்மா. பதில் சொல்ல வேண்டிய ஆள்னு அர்த்தம்."

"அப்ப சரி. பதில்தானே நானும் கேக்குறேன்" என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டார்.

வெள்ளிக்கிழமை நீதிமன்றத்தில் அவர் முறை வந்தது. படத்தில் பார்ப்பது போல யாரும் கத்தவில்லை. விசிறிச் சத்தத்தில் பாதிப் பேச்சு கேட்கவே இல்லை. நீதிபதி கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு அக்காவைப் பார்த்துக் கேட்டார்: "தடை கொடுத்துட்டா, உங்க அண்ணனுக்கு விற்பனை நின்னு போகும். கடைசியில உங்க பக்கம் நியாயம் இல்லைன்னு முடிவானா, அவருக்கு ஏற்பட்ட நஷ்டத்துக்கு நீங்க பொறுப்பு. தெரியுமா?"

வக்கீல் அம்மா இதை முன்பே சொல்லியிருந்தார். ஆனாலும் அந்த உயரமான மேசையிலிருந்து கேட்கும்போது வேறாக இருந்தது. "தெரியுங்க. பொறுப்பு ஏத்துக்குறேன்" என்றார். அவசரம் என்பதால், அண்ணன் தரப்பைக் கேட்கும் முன்பே உத்தரவு மதியம் கையெழுத்தானது.

திங்கட்கிழமை காலை வக்கீல் அம்மாவும் அவரும் பதிவு அலுவலகத்தில் உத்தரவின் நகலைக் கொடுத்தார்கள். அதிகாரி படித்து, முத்திரை குத்தி, "இது இருக்கிற வரைக்கும் இந்த வீட்டு மேல எந்தப் பத்திரமும் பதிய மாட்டோம்" என்றார். வேலை முடிந்தது, வீட்டுக்குப் போகலாம் என்றார் வக்கீல் அம்மா. அக்கா போகவில்லை.

"அண்ணன் இப்ப வருவார். ஜன்னலுக்கு உள்ள இருக்கிற யாரோ சொல்லி அவர் இதைத் தெரிஞ்சுக்கக் கூடாது. நான் இங்க இருக்கணும்."

அண்ணன் இஸ்திரி போட்ட சட்டையில் வந்தார். பின்னால் அண்ணி, டயர் வியாபாரி. வாசலிலேயே தங்கையைப் பார்த்துவிட்டு அவர் முகம் சுருங்கியது. அக்கா எழுந்து நின்று விஷயத்தைச் சொன்னார். அண்ணன் கையிலிருந்த பத்திரத்தைச் சுருட்டினார்.

"கோர்ட்டுக்குப் போறதுக்கு முன்னாடி எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே?"

"போன் பண்ணேன், நீ எடுக்கல. விக்கிறதுக்கு முன்னாடி நீ ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே, அண்ணா?"

டயர் வியாபாரி இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தார். "அண்ணன் தங்கச்சி சண்டையில என்னை ஏங்க இழுத்து விட்டீங்க?" என்று கேட்டுவிட்டு நடையைக் கட்டினார். பிறகு அவர் வேறு இடம் வாங்கிக்கொண்டார். அண்ணன் தங்கையைத் திரும்பிப் பார்க்காமல் போனார். அண்ணி மட்டும் ஒரு கணம் நின்றார். தங்கையைத் திரும்பிப் பார்த்துவிட்டுப் போனார்.

அதற்குப் பிறகு இரண்டு வருடம் பேச்சு இல்லை. கூடப்பிறந்தவனைக் கோர்ட்டுக்கு இழுத்தவள் என்று தெருவில் சிலர் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். சோபா தைக்கக் கொடுக்க வந்த பெண்களில் சிலர், துணியைத் தேர்வு செய்வது போலக் குனிந்துகொண்டு, "அந்தத் தடை எப்படிக்கா வாங்குறது?" என்று மெதுவாகக் கேட்டார்கள். அக்கா வக்கீல் அம்மாவின் படிக்கட்டுக்கு வழி சொல்லி அனுப்பினார்.

தடை வந்தது நிம்மதி என்று நினைத்திருந்தார். அதன் மறுபக்கம் கொஞ்ச நாளில் தெரிந்தது. மூன்று பேர் உட்காரும் சோபா கொட்டகைக் கதவில் நுழையாது. அதன் கை இரண்டையும் கழற்றிப் பக்கவாட்டில்தான் உள்ளே கொண்டுபோக வேண்டும். கதவை அகலப்படுத்தலாம் என்று கொத்தனாரைக் கூப்பிட்டார். வக்கீல் அம்மாவிடம் போகிற போக்கில் சொன்னபோது அவர் பதறிவிட்டார்.

"சுவத்துல கை வைக்காதீங்க! வீடு இப்ப எப்படி இருக்கோ அப்படியே இருக்கணும்னு உத்தரவு. அது உங்களையும் கட்டும்."

"நான்தானே கேட்டு வாங்கினேன்?"

"கேட்டது நீங்க. கட்டுப்பட வேண்டியது ரெண்டு பேரும்."

அக்கா கொத்தனாருக்கு டீ வாங்கிக் கொடுத்துத் திருப்பி அனுப்பினார். சோபாக்கள் பக்கவாட்டிலேயே போய் வந்தன.

வாய்தாக்கள் ஒன்றன்பின் ஒன்றாக வந்தன. ஒரு தடவை நீதிபதி விடுமுறை. ஒரு தடவை அண்ணன் வக்கீலுக்குக் காய்ச்சல். நீதிமன்றத்தின் நடைகூடத்தில் ஒரு நீள பெஞ்சு இருந்தது. அதன் ரெக்சின் கிழிந்து, உள்ளே இருந்த பஞ்சை யார் யாரோ தங்கள் கவலைக்கு ஏற்பப் பிய்த்திருந்தார்கள். அந்தக் கிழிசல் பக்கத்தில் சும்மா உட்கார்ந்திருக்க அக்காவால் முடியவில்லை. அடுத்த வாய்தாவுக்கு வளைந்த ஊசியையும் கெட்டி நூலையும் கொண்டுபோனார். குனிந்து தைத்துக்கொண்டிருந்தபோது சேவகர் ஓடி வந்தார்.

"ஏம்மா, கோர்ட்டு பெஞ்சும்மா அது! ஊசியெல்லாம் போடக் கூடாது."

"இதுக்கும் தடை உத்தரவு இருக்கா?"

சேவகருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. பெஞ்சின் மறுமுனையில் இன்னொருவரும் சிரித்தார். அண்ணன். அவர் எப்போது வந்து உட்கார்ந்தார் என்று அக்கா கவனிக்கவில்லை. சிரித்தது தெரிந்ததும் அவர் சட்டென்று கைக்கடிகாரத்தைப் பார்த்தார். ஆனால் எழுந்து போகவில்லை. அன்று வழக்கு தள்ளிப்போகும்வரை இரண்டு பேரும் ஒரே பெஞ்சில், நடுவில் நாலு ஆள் உட்காரும் இடம் விட்டு, உட்கார்ந்திருந்தார்கள்.

அந்த வருடம் ஒரு மத்தியானம் பெரிய காற்று அடித்தது. கொட்டகைக் கூரையிலிருந்து மூன்று தகரம் பறந்து, ஒன்று பக்கத்து வீட்டு முற்றத்தில் போய் விழுந்தது. நல்ல வேளை, யாருக்கும் அடிபடவில்லை. மழையில் ஸ்பாஞ்சு ஊறிப்போய், பிழிந்தால் வாளி நிறைந்தது. நனைந்த துணிச் சுருள்களை எல்லாம் முன்னறைக்குள் சேர்த்துவிட்டு அக்கா வக்கீல் அம்மாவிடம் ஓடினார்.

"கூரை போடலாமா, கூடாதா?"

"அனுமதி கேட்டு மனுப் போடணும். அவங்க பதில் மனுப் போடுவாங்க. அப்புறம் வாதம். ஆனா உங்க அண்ணன் எனக்கு ஆட்சேபணை இல்லைன்னு ஒரு கையெழுத்துப் போட்டா, நாளைக்கே முடிச்சுடலாம்."

அண்ணனைத் தடுக்க வாங்கிய உத்தரவு தன்னை அண்ணன் வீட்டு வாசலில் கொண்டுபோய் நிறுத்துகிறதே என்று வக்கீல் அம்மா எழுதித் தந்த தாளோடு வழியெல்லாம் நினைத்துக்கொண்டு போனார். வீட்டில் அண்ணன் இல்லை. அண்ணி கதவைத் திறந்து, தங்கையின் ஈரத் தலையைப் பார்த்து, முதலில் ஒரு துண்டை எடுத்துக் கொடுத்தார். "மைதானத்துல வகுப்பு எடுத்துட்டு இருக்கார். போய்ப் பாரு. இன்னிக்காவது ரெண்டு பேரும் பேசித் தொலைங்க" என்றார்.

மைதானத்தில் அண்ணன் கார் ஊர்ந்துகொண்டிருந்தது. ஓட்டுநர் இருக்கையில் ஒரு கணக்கு டீச்சர் ஸ்டியரிங்கைக் கட்டிப்பிடித்தபடி இருந்தார். தங்கையைப் பார்த்ததும் அண்ணன் காரை நிறுத்தச் சொன்னார். மழை இன்னும் தூறிக்கொண்டிருந்தது. நின்று பேச இடம் இல்லை. பின்கதவைத் திறந்துவிட்டார். அக்கா ஏறி உட்கார்ந்தார். அடுத்தவர் வகுப்பு நேரம் வீணாகக் கூடாது என்று கார் மறுபடி நகர்ந்தது.

"கூரை போயிடுச்சு" என்றார் அக்கா.

"அடி பட்டுச்சா?"

"எனக்கு இல்ல."

"கிளட்ச், டீச்சர், கிளட்ச். எந்தப் பக்கத்துக் கூரை?"

"ஜன்னல் பக்கம். கூரை போடறதுக்கு உன் கையெழுத்து வேணும்."

"உத்தரவு வாங்கினது நீ. இப்ப கையெழுத்து மட்டும் நான் போடணுமா?"

"நான் ஏன் வாங்கினேன்? நான் காலி பண்ண சம்மதிச்சிட்டேன்னு ஊர் பூரா சொல்லியிருக்கே. எங்கிட்ட மட்டும் சொல்லல."

"உன்னைத் தெருவுல விட்டுடுவேன்னு நினைச்சியா?"

"நான் நினைக்கல. நீ நினைக்க வச்சே."

கார் ஒரு குலுக்குக் குலுக்கி நின்றுவிட்டது. கணக்கு டீச்சர் ஸ்டியரிங்கிலிருந்து கையை எடுக்காமலே சொன்னார்: "நீங்க ரெண்டு பேரும் பேசி முடிச்சுட்டுச் சொல்லுங்க. நான் அப்புறமா கியர் மாத்துறேன்."

யாரும் சிரிக்கவில்லை. கண்ணாடியில் மழைத்துளிகள் ஓடின. அண்ணன் முன்னால் பார்த்தபடியே பேசினார். டிரைவிங் ஸ்கூல் முதலாளி வயதாகிக் கடையை மூடப் போவதாகச் சொன்னாராம். இரண்டு கார்களையும் லைசென்ஸோடு வாங்கிக்கொள்கிறாயா என்று கேட்டாராம். இந்த வயதில் வேறு எங்கே வேலை தேடுவது? கையில் இருந்தது வீடு ஒன்றுதான்.

"இதை எங்கிட்ட சொல்ல என்ன?"

"எப்படிச் சொல்றது? அப்பா போனப்ப, இனிமே எல்லாத்தையும் நான் பாத்துக்கறேன்னு சொன்னவன் நான். உங்கிட்ட வந்து, எனக்கு வேலை போகப்போகுது, வீட்டை வித்துக் குடுன்னு கேக்குறதா? எல்லாம் முடிஞ்சப்புறம் உன் பங்கைக் கொண்டு வந்து கையில குடுத்துட்டா பேச்சு வராதுன்னு நினைச்சேன்." கண்ணாடியில் படிந்த ஆவியைத் துடைத்துவிட்டுச் சொன்னார்: "தப்புதான்."

பின் இருக்கையில் அக்கா துண்டை மடித்தார், பிரித்தார், மறுபடி மடித்தார். இரண்டு வருடமாக அண்ணனோடு மனதுக்குள் போட்ட சண்டையில் இந்தப் பதில் ஒரு தடவைகூட வந்ததில்லை. அண்ணனுக்கு ஆசை என்று நினைத்திருந்தார், அண்ணியின் தூண்டுதல் என்று நினைத்திருந்தார். பயம் என்று நினைக்கவே இல்லை.

"முதலாளி இன்னும் கடையை மூடலையா?"

"எனக்காக இழுத்துப் பிடிச்சுட்டு இருக்கார். இன்னும் எத்தனை நாளோ. பேப்பரைக் குடு."

டேஷ்போர்டின் மேல் வைத்துக் கையெழுத்துப் போட்டார். கணக்கு டீச்சர் பேனா கொடுத்தார்.

அனுமதி கிடைத்த மறுநாள் தகரம் இறங்கியபோது அண்ணனும் வந்திருந்தார். ஏணியில் ஏறியவரைக் கீழிருந்து அக்கா விரட்டினார்: "அந்தப் பக்கம் கால் வைக்காதே, மரம் இத்துப் போயிருக்கு!" "எனக்குத் தெரியும்" என்று சொல்லிக்கொண்டே அவர் அந்தப் பக்கமே கால் வைத்தார். மரம் முறிந்து, ஒரு கால் கூரைக்குள் தொங்கியது. அப்படியே சரிந்து கீழே இருந்த சோபா மேல் விழுந்ததால் பிழைத்தார். "வாடிக்கைக்காரர் சோபா! ஸ்பிரிங் போச்சு!" என்று அக்கா கத்தியதும், "என் கால் போச்சான்னு கேட்டியா?" என்று அவர் கத்தியதும் பக்கத்து வீட்டுக்குக் கேட்டது. சண்டை போட்டாலும் பேசுகிறார்களே என்று பக்கத்து வீட்டில் சந்தோஷப்பட்டார்கள்.

கூரை போட்ட பிறகு அக்கா அந்த வீட்டை வேறு கண்ணால் பார்க்க ஆரம்பித்தார். கூரை மட்டுமா, தூணும் இத்துப்போயிருந்தது. கதவில் சோபா நுழையாது. வண்டி வந்து நிற்க இடமில்லை. இதையா இவ்வளவு இறுக்கிப் பிடித்தோம் என்று தோன்றியது. அவர் பிடித்தது வீட்டை அல்ல, தன்னைக் கேட்க வேண்டும் என்பதைத்தான். இப்போது கேட்கிறார்கள். அப்படியானால் விற்றால்தான் என்ன?

அதை முதலில் அண்ணியிடம் சொன்னார். அண்ணி காய் நறுக்கிக்கொண்டிருந்த கத்தியைக் கீழே வைத்தார். "நிஜமாவா சொல்றே? இதைச் சொல்லத்தான் ரெண்டு வருஷம் கோர்ட்டுக்கு நடந்தீங்களா?"

"நடந்ததாலதான் அண்ணி இப்ப சொல்ல முடியுது" என்றார் அக்கா.

நீதிமன்றம் அவர்களைச் சமரச மையத்துக்கு அனுப்பியது. வட்ட மேசை, ஒரு தண்ணீர் ஜாடி, நடுவர் ஒருவர். அவர் பெரிய வாக்குவாதத்துக்குத் தயாராக வந்திருந்தார்; இங்கே அண்ணனும் தங்கையும் "நீ சொல்லு", "இல்ல, நீ சொல்லு" என்று நேரத்தைக் கடத்தினார்கள். முடிவில் எழுதிக்கொண்டது இதுதான்: வீடு இருவருக்கும் சமம், இருவரும் சேர்ந்து விற்பார்கள், இருவருக்கும் பிடித்தவருக்கே விற்பார்கள், அக்காவுக்கு வேறு இடம் அமையும் வரை கொட்டகையைக் காலி செய்யச் சொல்லக் கூடாது. கடைசி வரியைச் சேர்க்கச் சொன்னது அண்ணன்.

தடையை நீக்க வேண்டும் என்று இரு தரப்பும் சேர்ந்து மனுப் போட்டார்கள். அதே நீதிபதி, அதே விசிறி. கண்ணாடி நெற்றிக்கு ஏறியது.

"நீங்கதானே இந்தத் தடையைக் கேட்டு வாங்கினது?"

"ஆமாங்க. அப்ப வேணும்னு இருந்துச்சு."

"இப்ப?"

"இப்ப அண்ணன் போனை எடுக்குறார்ங்க" என்றார் அக்கா.

நீதிபதி சிரித்தாரா என்று தெரியவில்லை, பேனாவை எடுத்தார். வெளியே வந்தபோது அக்காவுக்கு ஏனோ கண் கலங்கியது. அவ்வளவு நாள் தலைக்கு மேல் இருந்த ஒரு குடையை மடக்கிக் கொடுத்துவிட்டு வந்தது போல இருந்தது என்று பிறகு என்னிடம் சொன்னார். அண்ணன் டீக்கடைக்குக் கூட்டிக்கொண்டு போனார்.

வீட்டை வாங்கியவர்கள் இரண்டு சகோதரிகள். குழந்தைகள் காப்பகம் நடத்த இடம் தேடிக்கொண்டிருந்தார்கள். முன்பு பேசியிருந்த விலைக்குக் குறையாமல் கொடுத்தார்கள். இந்தத் தடவை பதிவு அலுவலகத்தில் அண்ணனும் தங்கையும் ஒரே மேசையில், ஒருவர் பின் ஒருவராகக் கையெழுத்துப் போட்டார்கள். கொட்டகையில் இப்போது குழந்தைகள் மத்தியானம் தூங்குகிறார்கள். புது ஆட்கள் கதவை அகலப்படுத்திவிட்டார்கள். அதை மட்டும் பார்க்கும்போது அக்கா லேசாகப் பெருமூச்சு விடுவார்.

அவருடைய புதுப் பட்டறை பஸ் நிலையத்துக்குப் பின்னால், முன்பு மளிகைக் கிடங்காக இருந்த இடத்தில். சோபா நேராக உள்ளே போகும். இரண்டை ஒன்றாகவும் கொண்டுபோகலாம். வேலைக்கு இரண்டு பெண்களைச் சேர்த்திருக்கிறார். ஆணியை வாயில் வைக்கக் கூடாது என்று அவர்களுக்குக் கண்டிப்பாகச் சொல்லியிருக்கிறார், தன் வாயில் ஆணியை வைத்துக்கொண்டே. கணக்கைப் பார்ப்பதும் வாடிக்கையாளரிடம் கறாராகப் பேசுவதும் அண்ணி. வீட்டில் சும்மா இருந்து அலுத்துவிட்டது என்று தானாக வந்து உட்கார்ந்தவர், போகச் சொன்னாலும் போக மாட்டார்.

அண்ணன் இரண்டு கார்களையும் வாங்கிவிட்டார். பழைய இருக்கைகளைப் பிரித்து அக்காவே புதிதாகத் தைத்துக் கொடுத்தார். தைத்ததற்குக் கூலியாக, தனக்குக் கார் ஓட்டச் சொல்லித் தர வேண்டும் என்றார். சோபாக்களைக் கொண்டுபோய்க் கொடுக்க ஒவ்வொரு தடவையும் வாடகை வண்டியைத் தேடி அலைய முடியாது, சின்ன வண்டி ஒன்று சொந்தமாக வேண்டும் என்பது அவர் எண்ணம். பாடம் நடந்த காலத்தில் இருவருக்கும் நடந்த சண்டைகளை எழுதினால் தனியாக ஒரு கதை ஆகும். "யாருக்கு வேணும்னாலும் சொல்லித் தந்துடலாம், கூடப்பிறந்தவளுக்குச் சொல்லித் தர முடியாதுங்க" என்று அண்ணன் எங்களிடமெல்லாம் புலம்பினார். முதல் தேர்வில் அக்கா தோற்றார். இரண்டாவதில் தேறினார். அன்று அண்ணன் மைதானத்தில் நின்றிருந்த அத்தனை பேருக்கும் டீ சொன்னார். கணக்கு டீச்சர் மூன்றாவது தடவைதான் தேறினார் என்பதை அக்கா இன்றைக்கும் மறக்காமல் குறிப்பிடுவார்.

போன வாரம் என் பழைய சாய்வு நாற்காலியைத் தூக்கிக்கொண்டு பட்டறைக்குப் போனேன். அக்கா இல்லை. அண்ணி மட்டும் கல்லாவில் இருந்தார்.

"ஒரு ஆஸ்பத்திரிக்குப் பெஞ்சு கொண்டு போயிருக்கா. அவளே ஓட்டிட்டுப் போயிருக்கா. உக்காருங்க, வந்துடுவா."

"போய் ரொம்ப நேரம் ஆச்சா?"

"அப்பவே திரும்பி வந்துட்டா. அதோ, தெருமுனையில வண்டியை ரிவர்ஸ் எடுத்துட்டு இருக்கா பாருங்க. அதுக்குத்தான் கொஞ்சம் நேரமாகும்."

எட்டிப் பார்த்தேன். சின்னஞ்சிறு நீல வண்டி முன்னால் ஒரு அடி, பின்னால் இரண்டு அடி என்று நகர்ந்துகொண்டிருந்தது. ஜன்னலுக்கு வெளியே தலையை நீட்டி, உதட்டோரம் இரண்டு ஆணிகளோடு, சோபா அக்கா சைக்கிள்காரர்களை விலகச் சொல்லிக் கை காட்டிக்கொண்டிருந்தார்.